சின்ன வயசுக் காயத்தை வரைவது பற்றி என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் சேலம் அம்மாபேட்டையில் ஒரு பட்டுத்தறி வீட்டில் வளர்ந்தவள். குடித்துவிட்டு வந்து அடிக்கும் அப்பா. வளர்ந்த பிறகு அந்த வீட்டைத்தான் சார்கோல் என்ற வரைகரியிலும் கழிவு நூலிலும் வரைந்துகொண்டிருக்கிறேன். படங்களைக் காட்சிக்கு வைக்கும்போதும், ஞாயிற்றுக்கிழமைகளில் சேர்ந்து வரைய வருகிறவர்கள் நடுவிலும், ஏற்காட்டுக்குப் போய் உட்காரும்போதும் ஒரே சந்தேகங்கள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. கேட்டவர்களின் வார்த்தையிலேயே அவற்றை எழுதி, எனக்குத் தெரிந்த பதிலைச் சொல்லியிருக்கிறேன். நான் மருத்துவரோ வக்கீலோ இல்லை. அவர்கள் தேவைப்படும் இடங்களில் யாரைப் பார்க்கலாம் என்பதையும் சேர்த்திருக்கிறேன்.

அக்கா, இந்தச் செருப்புப் படமெல்லாம் உங்க சொந்தக் கதையா?

ஆமாம். முன்னறையில் குழித்தறி இருக்கும். அதற்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து ராட்டையில் தார், அதாவது தறி ஓடத்தில் வைக்கும் நூல், சுற்றுவது என் வேலை. அப்பா வாசலில் செருப்பைக் கழற்றும் சத்தத்திலேயே அன்றைக்கு ராத்திரி எப்படிப் போகும் என்று எனக்கும் தம்பிக்கும் தெரிந்துவிடும். இரண்டும் அடுத்தடுத்து விழுந்தால் பயமில்லை. ஒன்று விழுந்து, கொஞ்ச நேரம் சத்தமே இல்லாமல் இருந்து, மற்றது சுவரில் பட்டு விழுந்தால், தம்பியை இழுத்துக்கொண்டு பின்கட்டுக்கு ஓடிவிடுவேன்.

அடியை நான் ஒருமுறைகூட வரைந்ததில்லை. செருப்பு கிடந்த கோணம், குதிகால் தேய்ந்த பள்ளம், வார் பிய்ந்து ஆணி அடித்த இடம், இவ்வளவுதான் வரைகிறேன். எதைக் காட்டுவது, எதை விடுவது என்று முடிவு செய்கிறவள் இப்போது நான். அந்த வயதில் எனக்கு எந்த முடிவும் கிடையாது. கீழே வரும் பதில்கள் பெரும்பாலும் இந்த ஒரு விஷயத்திலிருந்து வருகிறவைதான்.

வரைஞ்சா மனசு லேசாகுமா?

உடனே ஆகும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். அமெரிக்க உளவியலாளர் ஜேம்ஸ் பென்னிபேக்கரும் சாண்ட்ரா பீலும் 1986இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். கல்லூரி மாணவர்களைத் தொடர்ந்து 4 நாள், நாளுக்கு 15 நிமிடம், தங்கள் வாழ்க்கையின் மிக மோசமான அனுபவத்தைப் பற்றி எழுதச் சொன்னார்கள். நடந்ததையும் அப்போதைய உணர்ச்சியையும் சேர்த்து எழுதியவர்களுக்கு, எழுதி முடித்த கையோடு மனம் இன்னும் கனத்துத்தான் போனது. ஆனால் அடுத்த சில மாதங்களில் அவர்கள் உடம்பு சரியில்லை என்று மருத்துவரிடம் போனது குறைந்திருந்தது. பின்னால் வந்த ஏராளமான ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்ததில் பலன் உண்டு, ஆனால் சராசரியில் சிறியது என்றே தெரிந்தது.

அது எழுத்தைப் பற்றிய ஆய்வு. வரைவதிலும் என் அனுபவம் அதே மாதிரிதான். வரைந்த அன்று சாயங்காலம் பெரும்பாலும் நன்றாக இருக்காது. அதனால் வரைந்து முடித்ததும் கை கழுவி, யாருடனாவது சாப்பிட உட்காருகிற மாதிரி நேரத்தை வைத்துக்கொள்ளுங்கள். ராத்திரி பதினோரு மணிக்கு, எல்லோரும் தூங்கிய பிறகு, தனியாக ஆரம்பிக்காதீர்கள்.

எனக்குச் சுத்தமா வரைய வராதுங்க. நான் என்ன பண்றது?

வரையத் தெரியாதவர்களுக்கு இதில் ஒரு வசதி உண்டு. அழகாக வர வேண்டும் என்ற கவலை அவர்களுக்குக் கிடையாது. களிமண் பிசையலாம், பழைய புடவையை வெட்டித் தைக்கலாம், செய்தித்தாளைக் கிழித்து ஒட்டலாம். கோலம் போடுகிற கைக்குப் புள்ளியும் கோடும் புதிதா என்ன?

ஏற்காட்டில் காபித் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடான லயன் வீட்டில் வளர்ந்த ஒரு பெண் வந்தார். அவர் சம்மதத்தோடுதான் சொல்கிறேன். தகரக் கூரை. மழை பெய்தால் உள்ளே நடப்பது அடுத்த வீட்டுக்குக் கேட்காது. மழை வந்தாலே அவருக்கு வயிற்றைக் கலக்கும். அவருக்கு ஓர் உருவம்கூட வரைய வராது. 6பி பென்சிலை வைத்துச் சாய்கோடுகளாகவே போட்டுக்கொண்டு போனார். கோட்டின் மேல் கோடு. தாள் நிரம்பி, பென்சில் கரி மினுமினுத்து, ஓரிடத்தில் தாளே தேய்ந்து கிழிந்தது. அந்தக் கிழிசலை ஒட்ட வேண்டாம் என்று அவரே சொன்னார். நான் பார்த்த மிக நல்ல படங்களில் அது ஒன்று.

எங்க இருந்து ஆரம்பிக்கிறது? அந்த நாளையேவா வரையணும்?

வேண்டாம். ஓரத்திலிருந்து ஆரம்பியுங்கள். அந்த வீட்டின் தரை என்ன தரை, சிமெண்டா, சாணம் மெழுகியதா? வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வந்தது? கதவுக்குத் தாழ்ப்பாள் எந்த உயரத்தில் இருந்தது, உங்கள் கைக்கு எட்டியதா? இப்படி ஒரு பொருள், ஓர் இடம் போதும். செருப்பும் கூரையும் அப்படித்தான் வந்தன.

தாளின் அளவையும் யோசித்து எடுங்கள். பயம் பெரியதாக இருந்தால் உள்ளங்கை அளவுத் தாள் போதும். எவ்வளவு நேரம் என்பதையும் முன்கூட்டியே வையுங்கள். அரை மணி நேரம் என்றால் அரை மணி நேரம். பாதியில் நின்றாலும் மூடி வைத்துவிட்டு எழுந்துவிடலாம்.

இது ஆர்ட் தெரபிதானே? அப்ப டாக்டர்கிட்ட போக வேண்டாம்ல?

இரண்டும் வேறு. வரைவதைச் சிகிச்சையாகப் பயன்படுத்துவதற்கு ஆர்ட் தெரபி என்ற பெயரை 1942இல் பயன்பாட்டுக்குக் கொண்டுவந்தவர் ஏட்ரியன் ஹில் என்ற ஆங்கிலேய ஓவியர். காசநோய்க்குச் சிகிச்சை எடுத்தபோது வரைந்தது தனக்கும் மற்ற நோயாளிகளுக்கும் உதவியதை அவர் கவனித்தார். இன்று அது தனிப் பயிற்சி தேவைப்படும் ஒரு துறை. நான் நடத்துவது அது இல்லை. சேர்ந்து உட்கார்ந்து வரைகிறோம், அவ்வளவுதான். யாராவது உங்களிடம் பணம் வாங்கிக்கொண்டு சிகிச்சை என்று சொன்னால், அவர் என்ன படித்தார், எங்கே பயிற்சி எடுத்தார் என்று தயங்காமல் கேளுங்கள். கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட் என்றால் இந்திய மறுவாழ்வுக் கவுன்சிலில் பதிவு இருக்க வேண்டும்.

வரைவதும் மருத்துவமும் சேர்ந்தே போகலாம். லூயிஸ் பூர்ஷ்வா என்ற சிற்பி (1911–2010) வாழ்நாள் முழுவதும் தன் சின்ன வயதைத்தான் செய்துகொண்டிருந்தார். அதே சமயம் 1950களின் தொடக்கத்திலிருந்து பல ஆண்டுகள் உளப்பகுப்பாய்வு மருத்துவரிடமும் போனார். நம் ஊரில் அரசு மோகன் குமாரமங்கலம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டப்படி நீங்கள் அங்கே சொல்வதை ரகசியமாக வைத்திருப்பது அவர்கள் கடமை.

வரைய உக்காந்தா கை நடுங்குது. அன்னிக்கு நடந்தது இப்ப நடக்குற மாதிரியே இருக்கு.

அந்த நிமிடமே நிறுத்துங்கள். "தாண்டிப் போய்த்தான் ஆகணும்" என்று பல்லைக் கடித்துக்கொண்டு தொடராதீர்கள். படம் காத்திருக்கும். எழுந்து நின்று காலை அழுத்தித் தரையில் ஊன்றுங்கள். குளிர்ந்த தண்ணீரில் முகம் கழுவுங்கள். அறையில் இருக்கிற பொருள்களின் பெயரை வாய்விட்டுச் சொல்லுங்கள். இன்றைய தேதியைச் சொல்லுங்கள். நடந்தது அன்றைக்கு, உட்கார்ந்திருப்பது இன்றைக்கு என்று உடம்புக்குத் தெரிய வேண்டும்.

இது அடிக்கடி வந்தால், தூக்கம் கெட்டால், உயிரை விட்டுவிடலாம் என்று தோன்றினால், வரைவதை ஒதுக்கி வைத்துவிட்டு முதலில் மனநல மருத்துவரைப் பாருங்கள். 14416 என்பது டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண். 24 மணி நேரமும் இலவசமாகப் பேசலாம், தமிழிலேயே பேசலாம். வெட்கப்பட இதில் ஒன்றுமே இல்லை.

எனக்குச் சரியா ஞாபகமே இல்லையே. நானா கற்பனை பண்ணிக்கிறேனோ?

ஞாபகம் என்பது அப்படியே பெட்டியில் வைத்துப் பூட்டியது இல்லை. ஒவ்வொரு முறை நினைக்கும்போதும் கொஞ்சம் மாறுகிறது. என் தம்பியின் ஞாபகத்தில் எங்கள் வீட்டுக் கதவு பச்சை. என் ஞாபகத்தில் நீலம். இரண்டு பேரும் பயந்தது நிஜம். படத்துக்கு அது போதும். நீங்கள் யாருக்கும் எதையும் நிரூபிக்க வரையவில்லை.

ஆனால் இதில் எச்சரிக்கையாக இருங்கள். "உங்க படத்தைப் பார்த்தாலே சின்ன வயசில் என்ன நடந்ததுன்னு தெரியுது" என்று யாராவது உங்களுக்குப் பொருள் சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். மறந்த ஞாபகத்தைத் தோண்டி எடுத்துத் தருகிறேன் என்பவர்களிடமும் போகாதீர்கள். அடுத்தவர் திரும்பத் திரும்பச் சொன்னால் நடக்காதது நடந்த மாதிரி மனதில் பதிந்துவிடும் என்பது ஆய்வுகளில் தெரிந்த விஷயம். கறுப்பு வண்ணம் என்றால் சோகம், கண் பெரிதாக இருந்தால் பயம் என்கிற பட்டியல்களைத் தூக்கிப் போடுங்கள். என் படங்கள் கறுப்பாக இருப்பதற்குக் காரணம் சார்கோல்.

வரைஞ்சதை எங்க வைக்கிறது? வீட்டுல யாராவது பார்த்துட்டா?

கூட்டுக் குடும்பத்தில் இருப்பவர்கள் எல்லோரும் கேட்கும் கேள்வி. யாரிடமும் காட்டாமல் இருக்க உங்களுக்கு முழு உரிமை உண்டு. நம்பிக்கையான சிநேகிதி வீட்டில் ஒரு ஃபைலில் வைக்கலாம். போனில் படம் எடுத்து வைத்தால், அந்தப் போனை வீட்டில் வேறு யாரெல்லாம் எடுப்பார்கள் என்று யோசியுங்கள். கிழித்துப் போடுவதும் சரிதான். ஒரு பையன் வரைந்து முடித்ததும் தண்ணீர் பக்கெட்டில் முக்கிக் கூழாக்கிவிடுவான். அவன் செய்ய வந்த வேலை அதோடு முடிந்தது.

அடிக்கிறவர் இன்னும் அதே வீட்டில்தான் இருக்கிறார் என்றால் கதை வேறு. படம் கண்ணில் பட்டு உங்களுக்கு ஆபத்து வரக் கூடாது. அப்படிப்பட்டவர்கள் முதலில் பாதுகாப்பைப் பாருங்கள். உதவிக்கு அழைக்க, பெண்களுக்கு 181, பதினெட்டு வயதுக்குக் கீழே இருப்பவர்களுக்கு 1098.

இதெல்லாம் வெள்ளைக்காரங்க பழக்கம் இல்லையா? நம்ம ஊர்ல யாரு இப்படி வீட்டு விஷயத்தை வீதிக்குக் கொண்டு வந்தாங்க?

நம் ஊர்ப் பெண்கள் ஒப்பாரியில் கொண்டு வந்தார்கள். செத்தவரைப் பாடுகிற சாக்கில் பிறந்த வீடு, புகுந்த வீடு, அண்ணன் செய்தது, மாமியார் சொன்னது எல்லாம் வந்துவிடும். எழவு வீட்டில் அதை யாரும் தடுக்க மாட்டார்கள். சேலம், தருமபுரிப் பக்கம் விடிய விடிய நடக்கும் கூத்தில் பாஞ்சாலி சபையில் நிற்கும்போது முன்வரிசைப் பெண்கள் அழுவதைப் பாருங்கள். அவர்கள் அழுவது பாஞ்சாலிக்காக மட்டும் இல்லை. பாட்டும் வேஷமும் ஒரு திரையாக இருந்ததால் சொந்தத் துக்கத்தை நாலு பேர் நடுவில் இறக்கி வைக்க முடிந்தது. நான் செருப்பை வரைவதும் அந்தத் திரை மாதிரிதான்.

அப்பா இன்னும் உயிரோட இருக்காரு. பெத்தவரைப் போய்க் குத்தம் சொல்லலாமா?

இந்தக் கேள்விக்கு எல்லோருக்கும் ஒரே பதில் கிடையாது. வரைவது ஒரு முடிவு. காட்டுவது வேறொரு முடிவு. வரைய யாருடைய அனுமதியும் வேண்டாம். காட்டுவதற்கு அவசரமே இல்லை. நிக்கி டி செயின்ட் ஃபால் என்ற கலைஞர் 1961இல் வண்ணப் பைகளைப் பிளாஸ்டருக்குள் புதைத்து, துப்பாக்கியால் சுட்டு வண்ணம் வழிய விட்டார். 11 வயதில் தன் அப்பா தனக்குச் செய்த பாலியல் கொடுமையை அவர் புத்தகமாக வெளியிட்டது 1994இல். அப்போது அவருக்கு 60 வயது தாண்டிவிட்டது. சுட்ட காலத்தில் பார்த்தவர்களுக்கு அந்தக் கதை தெரியாது. ஆனாலும் படைப்பு நின்றது. அது அவருடைய வேகம்.

குற்றம் சொல்வது பற்றி எனக்குத் தெளிவான கருத்து இருக்கிறது. அடிபட்ட குழந்தை அடிபட்டேன் என்று சொல்வது குற்றம் சொல்வது ஆகாது. நடந்ததைச் சொல்வது. அவமானம் அடித்தவருடையது. நான் அப்பாவின் முகத்தை வரையவில்லை, பெயரைப் போடவில்லை. என் தம்பிக்கும் அவர் அப்பா என்பதால் அப்படி வைத்துக்கொண்டேன். தம்பி படத்தில் வந்தால் அவனைக் கேட்ட பிறகுதான் வெளியே வைப்பேன். நம் கதையில் மற்றவர்களின் காயமும் கலந்திருக்கும். அதைக் காட்டலாமா என்று அவர்கள்தான் சொல்ல வேண்டும்.

அம்மாவும் எல்லாம் தெரிஞ்சுதான் இருந்தாங்க. அவங்களை எப்படிக்கா வரையறது?

இதைக் கேட்பவர்கள் பெரும்பாலும் குரலைத் தாழ்த்திக்கொண்டுதான் கேட்கிறார்கள். அடித்தவர் மேல் கோபம் தெளிவாக இருக்கும். பார்த்துக்கொண்டு நின்றவர் மேல் இருக்கும் கோபத்தில் பாசமும் கலந்திருப்பதால் எதையும் சொல்ல வராது.

மேலே சொன்ன லூயிஸ் பூர்ஷ்வாவின் குடும்பம் பழைய திரைச்சீலைகளை நூல் கொண்டு பழுது பார்க்கும் குடும்பம். அம்மா அந்தப் பட்டறையில் வேலை செய்தவர். வீட்டிலேயே தங்கிப் பிள்ளைகளுக்குப் பாடம் சொன்ன பெண்ணோடு அப்பாவுக்கு உறவு. அம்மா தெரிந்தும் பேசாமல் இருந்தார். 1999இல், 87 வயதில், பூர்ஷ்வா அம்மாவைச் சிலந்தியாகச் செய்தார். எஃகில், 9 மீட்டருக்கு மேல் உயரம், வயிற்றில் பளிங்கு முட்டைகள். அதன் கால்களுக்கு நடுவே நாம் நடக்கலாம். நூற்கிறவள், பழுது பார்க்கிறவள், காப்பவள். அதே சமயம் பார்த்தால் பயமாகவும் இருக்கிறது. இரண்டையும் ஒரே உருவத்தில் வைத்துவிட்டார். எதையும் தீர்ப்பாகச் சொல்லவில்லை.

என் அம்மாவை நான் நூலில் செய்கிறேன். அறுந்த பாவு இழையை அம்மா எச்சில் தொட்டு முறுக்கிப் பிணைப்பார், முடிச்சு கண்ணுக்கே தெரியாது. என் துணியில் அந்த முடிச்சுகளை மட்டும் சிவப்பு நூலில் வெளியே தெரிகிற மாதிரி போடுகிறேன். அவரும் அடி வாங்கியவர், போக இடம் இல்லாதவர் என்பது எனக்கு இப்போது புரிகிறது. புரிந்ததால் கோபம் போய்விடவில்லை. இரண்டும் ஒரே துணியில் இருக்கட்டும்.

கஷ்டப்பட்டாத்தான் நல்ல கலை வரும்னு சொல்றாங்களே?

தவறு. கஷ்டப்பட்டவர்கள் எவ்வளவோ பேர், வரைந்தவர்கள் கொஞ்சம் பேர். யாயோய் குசாமா என்ற ஜப்பானிய ஓவியர் சின்ன வயதிலேயே புள்ளிகளும் வலைகளும் கண்முன் விரிவதைக் கண்டவர். வரையக் கூடாது என்று அம்மா படங்களைப் பறித்துக் கிழித்ததாக அவரே சொல்லியிருக்கிறார். 1977 முதல் டோக்கியோவில் ஒரு மனநல மருத்துவமனையில் தானாகவே விரும்பித் தங்கி, பக்கத்து ஸ்டுடியோவுக்குப் போய் வேலை செய்தார். அவர் இத்தனை வரைந்ததற்கு அந்தப் பாதுகாப்பும் ஒரு காரணம். நன்றாகத் தூங்கி, மாத்திரை வேண்டுமானால் எடுத்துக்கொண்டு வரைகிறவருக்குக் கலை குறைந்து போகாது.

விக்கலாமா? நம்ம கஷ்டத்தைக் காசாக்குற மாதிரி இல்லையா?

விற்கலாம். உழைப்புக்கு விலை உண்டு. நான் அளவுக்கும் வேலைக்கும் விலை வைப்பேன், கதைக்கு வைக்க மாட்டேன். வாங்குகிறவர் கதையைக் கேட்டால், படத்தின் பக்கத்தில் எழுதியிருப்பது மட்டும்தான் பதில். பேட்டிக்கு வந்து, அழுகிற மாதிரி ஒரு போட்டோ வேண்டும் என்று கேட்டவர்களும் உண்டு. முடியாது என்றேன். விற்கவே மனம் வராத படம் இருந்தால் அதைக் காட்சிக்கே வைக்காதீர்கள்.

நான் டீச்சர். ஒரு பொண்ணு வரைஞ்ச படத்தைப் பார்த்தா என்னவோ சரியில்லைன்னு தோணுது. என்ன பண்ணட்டும்?

படத்தை வைத்து எதையும் முடிவு கட்டாதீர்கள். ஞாபகம் பற்றிய கேள்விக்குச் சொன்னது இங்கேயும் பொருந்தும். "இதைப் பத்திச் சொல்றியா?" என்று மட்டும் கேளுங்கள். "யாராவது தொட்டாங்களா? மாமாவா?" என்று பதிலை நீங்களே எடுத்துக் கொடுக்காதீர்கள். மற்றப் பிள்ளைகள் முன்னால் கேட்காதீர்கள். யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்யாதீர்கள், காப்பாற்ற முடியாது.

பாலியல் கொடுமை என்று குழந்தை சொன்னாலோ, அப்படி நடக்கக்கூடும் என்ற அச்சம் உங்களுக்கு இருந்தாலோ, குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் 2012ஆம் ஆண்டு போக்சோ சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி போலீசுக்குத் தெரிவிக்க வேண்டியது உங்கள் கடமை. விசாரித்து நிரூபிப்பது உங்கள் வேலை இல்லை. 1098க்கு அழைத்தால் வழி சொல்வார்கள். வாக்குமூலம் வாங்க வரும் போலீஸ் அதிகாரி சீருடையில் இருக்கக் கூடாது, குழந்தையை ராத்திரியில் ஸ்டேஷனில் வைக்கக் கூடாது என்றெல்லாம் சட்டமே சொல்கிறது. அந்தப் படத்தை வாட்ஸ்அப் குரூப்பில் போடாதீர்கள். குழந்தையின் பெயர், பள்ளி, குடும்பம் எதுவும் வெளியே போகக் கூடாது.

எனக்கு நடந்து பல வருஷம் ஆச்சு. இப்ப புகார் குடுக்க முடியுமா? என் படம் சாட்சியாகுமா?

போக்சோவில் புகார் கொடுக்கக் கால வரம்பு இல்லை, பெரியவர்களான பிறகும் கொடுக்கலாம் என்று மத்திய அரசு 2018இல் தெளிவுபடுத்தியது. ஆனால் அந்தச் சட்டம் நடைமுறைக்கு வந்தது 2012 நவம்பரில். அதற்கு முன் நடந்ததற்கு அப்போது இருந்த சட்டம்தான் பொருந்தும் என்பதால் வக்கீலிடம் கேட்காமல் எதையும் முடிவு செய்யாதீர்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. சேலம் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், அல்லது 15100க்கு அழையுங்கள். படத்தைச் சாட்சி என்று நம்பி இருக்க வேண்டாம். புகார் கொடுப்பதும் கொடுக்காததும் உங்கள் முடிவு. கொடுக்காததால் நீங்கள் சொல்வது பொய்யாகிவிடாது.

நீங்க முழுசா சரியாயிட்டீங்களா? இன்னும் எவ்வளவு நாள் இதையே வரைவீங்க?

செருப்புச் சத்தம் கேட்டால் இன்னும் ஒரு நொடி மூச்சு நிற்கும். அடுத்த நொடி விட்டுவிடுவேன். முன்பு ராத்திரி முழுக்க விடாது. இதை முழுசா சரியாவது என்று சொல்வதா, தெரியாது. எனக்கு இது போதுமானதாக இருக்கிறது. ஒரு பொருள் அலுத்துப் போனால் அதை விட்டுவிடலாம் என்பது என் கணக்கு. செருப்பு இப்போது கொஞ்சம் அலுக்க ஆரம்பித்திருக்கிறது. ஏற்காட்டில் சில்வர் ஓக் மரத்தில் ஏறும் மிளகுக்கொடியை இப்போது வரைகிறேன், அதற்குப் பின்னால் எந்தக் கதையும் இல்லை.

ஞாயித்துக்கிழமை நானும் வரலாமா? ஏதாவது கொண்டு வரணுமா?

வாருங்கள். அழுக்கானாலும் பரவாயில்லை என்கிற ஒரு சட்டையோ துப்பட்டாவோ போட்டுக்கொண்டு வாருங்கள், சார்கோல் துணியிலிருந்து லேசில் போகாது. தாளும் பென்சிலும் நாங்கள் தருகிறோம். உங்களுக்கு என்ன நடந்தது என்று அங்கே யாரும் கேட்க மாட்டார்கள், நீங்களும் பக்கத்தில் இருப்பவரைக் கேட்கக் கூடாது. வரையாமல் சும்மா உட்கார்ந்திருக்கலாம். நடுவில் கிளம்பினால் காரணம் சொல்ல வேண்டாம். கதவுக்குப் பக்கத்து இடம் வேண்டும் என்று பலரும் கேட்பதால் கதவைத் திறந்தேதான் வைத்திருப்போம்.